ஐந்தாம் வார்த்தையில் எழுந்து வெளியே போனோம்

போதகரின் மனைவிக்கென்று ஒரு முகம் இருக்கிறது. அது எப்போதும் கொஞ்சம் சிரித்தபடி இருக்க வேண்டும். யார் என்ன சொன்னாலும் தலையை ஆட்ட வேண்டும். நிர்வாகக் கூட்டத்துக்குத் தேத்தண்ணீர் கொண்டுபோய் வைத்துவிட்டுச் சத்தமில்லாமல் உள்ளே வந்துவிட வேண்டும். கல்யாணமாகி இத்தனை வருடமாகியும் எனக்கு அந்த முகம் சரியாகப் பொருந்தவில்லை. நான் தொண்டைமானாற்றுப் பக்கம் வளர்ந்தவள். கடற்காற்றோடு போட்டி போட்டுக் கதைத்துப் பழகிய குரல் அடுத்த வளவுக்கும் கேட்கும். "போதகர் தங்கமான மனுசன், அம்மாவுக்குத்தான் வாய் கொஞ்சம்" என்று நாங்கள் போன ஒவ்வொரு சபையிலும் சொன்னார்கள். அதில் பொய்யில்லை. ஆனால் அந்த வாயால் நான் தொடங்கிய ஒரு சண்டையை, வாயே திறக்காதவர் என்று நான் நினைத்திருந்த ஒரு பெண் வென்று தந்தார். அந்தப் பெரிய வெள்ளிக்கிழமையை நினைக்கும்போது இன்றைக்கும் எனக்கு நெஞ்சு நிமிர்கிறது.

அப்போது என் கணவருக்கு உரும்பிராய்ப் பக்கத்தில் ஒரு சபை. நாலு பக்கமும் செம்மண் தோட்டம், நடுவிலே ஆலயம், அதன் பக்கத்தில் நாங்கள் இருந்த குருமனை. ஆலயத்தின் பின்பக்கம் புதிதாக ஒரு மலசலகூடம் இருந்தது. வெள்ளைப் பளிங்குத் தரை, கைகழுவும் தொட்டி, ஆள் உயரக் கண்ணாடி, மேலே தண்ணீர்த் தாங்கி. சபையின் பொருளாளரும் கனடாவிலிருந்த அவருடைய தம்பிமாரும் தங்கள் தாயாரின் நினைவாகக் கட்டிக் கொடுத்தது. கதவுக்கு மேலே கறுப்புக் கல்லில் தாயாரின் பெயர் பொன்னெழுத்தில் வெட்டியிருந்தது. ஞாயிற்றுக்கிழமையும் கல்யாண நாட்களிலும் அது திறக்கும். மற்ற நாட்களில் ஆமைப்பூட்டு. திறப்பு, அதாவது சாவி, எங்கள் குருமனைச் சுவரில் ஓர் ஆணியில் தொங்கும்.

அந்த வருடம் உயிர்த்த ஞாயிறுக்கு முந்திய லெந்து நோன்பு நாட்களும், வெங்காயத்தை மண்ணிலிருந்து கிண்டி எடுக்கும் காலமும் ஒன்றாக வந்தன. லெந்து நாட்களில் எங்கள் ஆட்கள் எதையாவது விடுவார்கள். சிலர் இறைச்சியை விடுவார்கள், சிலர் சீனியை, சில பெண்கள் தொலைக்காட்சித் தொடரை. விடுவதோடு ஒரு நல்ல காரியமும் செய்ய வேண்டுமென்று என் கணவர் பிரசங்கத்தில் சொன்னார். உடனே வாலிபர் சங்கம் ஆலய வாசலில் தண்ணீர்ப்பந்தல் போட்டது. கிடுகுக் கூரை, மண்பானை, வடிகட்டிய தண்ணீர். தாகத்தோடு வந்தவனுக்குக் கொடுத்தது கர்த்தருக்கே கொடுத்தது என்ற கருத்தில் ஒரு பெரிய பலகையும் எழுதி மாட்டினார்கள். ஜெபம் செய்து தொடங்கி, படம் எடுத்து, படம் கைபேசியில் கனடாவுக்கும் லண்டனுக்கும் போய், அங்கிருந்து கைகூப்பிய பொம்மைகள் வரிசையாகத் திரும்பி வந்தன.

தண்ணீர் குடிக்க ஆட்கள் வந்தார்கள்தான். லொறிக்காரர் வந்தார்கள், பள்ளிக்கூடப் பிள்ளைகள் வந்தார்கள், தபால்காரர் வந்தார். ஆனால் யாரை மனதில் வைத்து அந்தப் பந்தலைப் போட்டோமோ அவர்கள் வரவில்லை. பக்கத்துத் தோட்டங்களில் வெங்காயம் கிண்டக் கூலிக்கு வரும் பெண்கள் அவர்கள். காலையில் சைக்கிளில் எங்கள் வாசலைத் தாண்டித்தான் போவார்கள். மத்தியானம் எங்கள் வேலியோரப் பூவரச நிழலில்தான் சோற்றுப் பெட்டியைத் திறப்பார்கள். பானையிலிருந்து கூப்பிடு தூரம்கூட இல்லை. ஒரு பெண்ணும் ஒரு மிடறும் குடிக்கவில்லை.

இந்த இடத்தில்தான் நாங்கள் எங்கள் ஊர்ப் புத்தியைக் காட்டினோம். யாழ்ப்பாணத்தில் ஒருவர் மற்றவர் கையால் தண்ணீர் குடிக்கவில்லை என்றால் அதற்குக் காரணம் தேட வேண்டியதில்லை. காரணம் எல்லாருக்கும் பிறந்ததிலிருந்தே தெரியும். அந்தப் பெண்கள் இருந்த குடியிருப்பு எது, அவர்களுடைய தாய்தகப்பனை எங்கள் ஆட்கள் எந்தக் கிணற்றுக்குக் கிட்ட வரவிடவில்லை என்பதெல்லாம் ஒருவரும் வாய்விட்டுச் சொல்லாத கதைகள். ஆராதனை முடிந்து வெளியே நின்றபோது ஒரு வயதான அங்கத்தவர் சொன்னார்.

"அந்தக் காலத்திலை நாங்கள் அவைக்குக் குடுக்கேல்லை. இப்ப நாங்கள் குடுக்க அவை குடிக்கினம் இல்லை. சரிக்குச் சரி."

பொருளாளருக்கு முகம் சுருங்கிவிட்டது. அவர் நேர்மையான மனிதர். அரசாங்க வேலையில் இருந்து ஓய்வுபெற்றவர், ஆலயக் காசில் ஒரு சதம் பிசகாதவர். "நாங்கள் திருந்தினாலும் ஆக்கள் நம்பமாட்டினம்" என்றார் கவலையோடு. சரி, நம்பவைப்போம் என்று வாலிபர்கள் கிளம்பினார்கள். எல்லாரும் வாய் வைத்த குவளை பிடிக்கவில்லையாக்கும் என்று கடதாசிக் குவளை வைத்தார்கள். பானை பிடிக்கவில்லையாக்கும் என்று மூடி உடைக்காத போத்தல் வைத்தார்கள். கடைசியில் தேசிக்காய் பிழிந்து சீனி போட்டுக் கரைத்து வைத்தார்கள். லொறிக்காரருக்குக் கொண்டாட்டம். பெண்கள் மட்டும் எங்களைப் பார்த்து ஒரு சிரிப்புச் சிரித்துவிட்டுச் சைக்கிளை மிதித்துப் போனார்கள். எனக்கும் கோபம் வந்தது. பழைய கணக்கை இன்னும் எத்தனை நாளைக்கு வைத்திருப்பார்கள் என்று நானும் குசினிக்குள் நின்று புறுபுறுத்தேன்.

இப்படி இருக்கையில் ஒரு நாள் அந்தப் பெண்களில் ஒருத்தி எங்கள் வேலியோரம் மயங்கி விழுந்தாள். முப்பத்தைந்து வயது இருக்கும். கணவனின் பழைய நீளக்கைச் சேர்ட்டை மேலே போட்டு, தலையில் துவாய் சுற்றியிருந்தாள். நான் ஓடிப்போய்த் தூக்கி, ஓட்டோ பிடித்துத் திருநெல்வேலியில் ஒரு வைத்தியரிடம் கொண்டுபோனேன். போகிற வழியில்தான் அவளுடைய கதை எனக்குத் தெரிந்தது. கணவன் கூரை வேலைக்குப் போய் விழுந்து இடுப்பு முறிந்து வீட்டோடு இருக்கிறான். இரண்டு பிள்ளைகள் படிக்கிறார்கள். அவளுடைய கூலியில்தான் வீட்டு அடுப்பு எரிகிறது.

வைத்தியர் சின்னப் பெண். பரிசோதித்துவிட்டு அவளைக் கூர்ந்து பார்த்தார். சிறுநீர்ப்பாதையில் தொற்று, இது முதல் தடவையும் இல்லை என்றார். "இப்பிடியே விட்டால் சிறுநீரகம் பழுதாப் போகும். ஒண்டில் நாள் முழுக்க வடிவாத் தண்ணி குடிக்க வேணும். இல்லாட்டி வெயிலுக்குள்ளை செய்யிற வேலையை விட வேணும். ரண்டிலை ஒண்டு." அவள் தலையை ஆட்டினாள்.

திரும்பி வரும்போது எனக்கு வாய் நிற்கவில்லை. "நாங்கள் வாசலிலை பானையை வைச்சுக்கொண்டு ஆக்களைத் தேடிக்கொண்டு நிக்கிறம். எங்கடை தண்ணி எண்டால் தொண்டைக்குள்ளை இறங்காதோ?"

"அப்பிடி இல்லை அம்மா" என்று சொல்லிவிட்டு அவள் வெளியே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்படி இல்லையென்றால் வேறெப்படி என்று கேட்க எனக்குப் பொறுமை இருக்கவில்லை.

அந்தக் கிழமையே வவுனியாவில் போதகர்மாரின் மனைவியருக்கு ஒரு கூட்டம். விடியக் காலையில் என் கணவர் என்னை பஸ் ஏற்ற வந்தார். யன்னலுக்குள்ளால் ஒரு தண்ணீர்ப் போத்தலை நீட்டினார். நான் கையைத் தட்டிவிட்டேன்.

"எனக்கு வேண்டாம். உதைக் குடிச்சால் வழியிலை எங்கை போறது?"

பஸ் புறப்பட்டது. நான் சொன்னது என் காதில் விழ ஆனையிறவு வரை எடுத்தது. விழுந்தபோது எனக்கு உடம்பெல்லாம் சுட்டது. இது நான் இருபது வயதிலிருந்து சொல்லிவரும் வசனம். என் தாய் சொன்னது, என் சிநேகிதிகள் சொல்வது, இந்த நாட்டில் பஸ் ஏறும் ஒவ்வொரு பெண்ணும் சொல்வது. ஆண்களுக்கு வேலி இருக்கிறது, மதகு இருக்கிறது, பஸ் நின்றால் போதும். நாங்கள்தான் நாக்கு வறண்டு போகும்வரை பல்லைக் கடித்துக்கொண்டு இருப்போம். இதையெல்லாம் தெரிந்து வைத்துக்கொண்டு, வெயிலில் நாள் முழுக்கக் குனிந்து நிற்கும் பெண்கள் தண்ணீர் குடிக்கவில்லை என்றதும் நாங்கள் சாதியைத் தேடிப் போயிருக்கிறோம். யன்னலோரம் இருந்து என்னை நானே 'விசரி' என்று திட்டிக்கொண்டேன். அந்தக் கூட்டத்தில் பெண்களும் நீதியும் என்று யாரோ ஒரு மணித்தியாலம் பேசினார்கள். நான் போய் இறங்கியதும் முதலில் கேட்டது கக்கூசு எங்கே இருக்கிறதென்றுதான்.

அடுத்த நாள் அந்தப் பெண்ணைத் தேடித் தோட்டத்துக்கே போனேன். இரண்டு நாள் ஓய்வெடுக்கச் சொன்ன வைத்தியரின் பேச்சைக் கேட்காமல் வேலைக்கு வந்திருந்தாள். நேராகக் கேட்டேன். அவள் சுற்றிப் பார்த்துக் குரலைத் தாழ்த்தினாள்.

"முந்தி ஒதுங்க உங்காலை பனங்காணி இருந்தது. இப்ப எல்லாம் மதில் கட்டி, கமரா பூட்டி வைச்சிருக்கினம். விடிய வீட்டிலை கக்கூசுக்குப் போட்டு வந்தால் பிறகு பின்னேரம்தான். தண்ணி குடிச்சால் நாங்கள் எங்கை அம்மா போறது? இதைப் போய் வாலிபப் பிள்ளையளிட்டை சொல்லேலுமே?"

நான் குருமனைக்கு வந்து ஆணியில் கிடந்த திறப்பை எடுத்தேன். என் கணவர் மேசையில் பிரசங்கம் எழுதிக்கொண்டிருந்தார். "எங்கை கொண்டுபோறீர்?" என்றார். காரணத்தைச் சொன்னேன். பேனையை மூடி வைத்தார். பிறகு "நானும் வாறன், தாங்கியிலை தண்ணி இருக்கோ எண்டு பாக்க வேணும்" என்று எழுந்தார். நான் அவரைக் கட்டியதில் தவறில்லை என்று அவ்வப்போது நிரூபிப்பார்.

முதல் நாள் அவள் மட்டும் வந்தாள். அடுத்த நாள் நாலைந்து பேர். பிறகு எல்லாரும் வந்தார்கள். அதோடு இன்னொன்றும் நடந்தது. எந்தப் போத்தலுக்கும் தேசிக்காய்க்கும் அசையாத பெண்கள் அந்த மண்பானையைக் காலையில் ஒருதரம், மத்தியானம் ஒருதரம் காலி செய்தார்கள். பானையை நிரப்பி நிரப்பி என் கை உழைந்தது. அப்படியொரு சந்தோசமான உழைவு எனக்கு வாழ்க்கையில் வந்ததில்லை.

அது ஒரு கிழமை நீடித்தது. சனிக்கிழமை காலை பொருளாளர் அடுத்த நாள் ஆராதனைக்கு ஆயத்தம் பார்க்க வந்தார். வெள்ளைப் பளிங்கில் செம்மண் பாதங்கள் உள்ளே போய் வெளியே வந்திருந்தன. தாயாரின் பெயருக்குக் கீழே நின்று அதைப் பார்த்தார். அன்றைக்கே புதுப் பூட்டு வந்தது. அதன் திறப்பு குருமனைக்கு வரவில்லை, அவருடைய சட்டைப் பைக்குள் போனது. நிர்வாகக் கூட்டத்துக்கும் அறிவித்தல் வந்தது.

நான் தேத்தண்ணீர் கொண்டுபோனேன். வைத்துவிட்டு உள்ளே போகவில்லை. கதவுநிலையில் சாய்ந்து நின்றேன்.

"ஐயா, இது கர்த்தருடைய வளவு" என்றார் பொருளாளர். "ஜெபம் பண்ணுற இடம். சந்தைக் கக்கூசு இல்லை. நாளைக்கு ரோட்டாலை போறவன் வாறவன் எல்லாம் வருவான். தண்ணி குடுக்கிறது தருமம், அதை நான் வேண்டாம் எண்டு சொல்லேல்லை. இது வேறை."

என் கணவர் குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. அன்றைக்கும் உயர்த்தவில்லை. "கர்த்தர் மாமிசமாகி எங்களோடை இருந்தார் எண்டு நாங்கள் சொல்லுறம். மாமிசம் எண்டால் முழுச் சரீரமும்தானே. தொண்டை மட்டும் இல்லையே. அவரோடை ஊர் ஊராப் பெண்களும் நடந்து போனவை. அவை எங்கையோ ஒதுங்கித்தானே இருப்பினம்."

ஒருவர் செருமினார். இன்னொருவர் பல்லியைத் தேடுகிறவர்போல முகட்டைப் பார்த்தார். கக்கூசு என்ற சொல்லோடு கர்த்தரின் பெயர் ஒரே அறையில் நின்றது அவர்களுக்குப் பொறுக்கவில்லை. நான் வாயைத் திறந்தேன்.

"எங்கடை வீடுகளிலை வெங்காயம் மலிவா இருக்கெண்டால், அந்தத் தோட்டத்துப் பொம்பிளையள் தண்ணி குடிக்காமல் வாயைக் கட்டிக்கொண்டு நிக்கிறதாலையும்தான். வாசலிலை தண்ணி வைச்சது தருமம் எண்டால் கதவைத் திறக்கிறது நியாயம். தருமத்துக்குப் படம் எடுத்தனீங்கள், நியாயத்துக்குப் பூட்டுப் போட்டிருக்கிறியள்."

போதகர் மனைவிக்குரிய முகத்தை நான் அன்றைக்குக் கழற்றி வைத்துவிட்டேன். பலன் ஒன்றுமில்லை. பண்டிகை முடிந்த பிறகு பார்ப்போம் என்று தீர்மானித்துத் தேத்தண்ணீரைக் குடித்துவிட்டுப் போனார்கள். அம்மா நிர்வாகத்தில் தலையிடுகிறா என்று மேலிடத்துக்கு எழுதுவது பற்றியும் வாசலில் நின்று கதைத்தார்களாம்.

குருமனையில் இருப்பதைப் பாவிக்கச் சொல்லி நான் அந்தப் பெண்ணைக் கூப்பிட்டேன். எங்கள் வீட்டுக் குளியலறைக்குப் படுக்கையறைக்குள்ளால்தான் போக வேண்டும். ஒருமுறை வந்தாள். போகும்போது, தான் நடந்த இடமெல்லாம் துணி எடுத்து முழங்காலில் நின்று துடைத்தாள். நான் தடுத்தும் கேட்கவில்லை. பிறகு வரவே இல்லை. பானையும் பழையபடி நிறைந்தபடியே இருந்தது. சில நாளில் அவளுக்குத் திரும்பவும் காய்ச்சல். "வேலையை விடப் போறன் அம்மா" என்றாள். "ரவுணிலை ஒரு புடவைக் கடையிலை கேட்டனான். அங்கையும் பொம்பிளையளுக்கு ஒண்டும் இல்லையாம். பக்கத்துக் கடையிலை கேட்டுத்தான் போறவையாம்." வேலையை விட்டால் வீட்டுக்குச் சோறில்லை, விடாவிட்டால் சிறுநீரகம் இல்லை. இதை அவள் அழாமல் சொன்னாள். நான்தான் அழுதேன்.

மாதர் சங்கத்தில் இதை அப்படியே கொட்டினேன். முதலில் வெட்கப்பட்டார்கள். பிறகு ஒருவர் தொடங்கினார், இடம்பெயர்ந்து பள்ளிக்கூடத்தில் இருந்த நாட்களில் வரிசையில் நின்ற கதையை. இன்னொருவர் கொழும்பு பஸ்ஸைச் சொன்னார். கொஞ்ச நேரத்தில் எல்லாரும் கதைத்தார்கள், சிரித்தார்கள், கண்ணைத் துடைத்தார்கள். பொருளாளரின் மனைவி மட்டும் பேசவில்லை. ஊரில் எல்லாருக்கும் அவர் ரீச்சர். முப்பது வருடம் பள்ளிக்கூடத்தில் சத்தம்போடாமல் படிப்பித்தவர், வீட்டில் கணவன் சொல்லுக்கு மறுசொல் சொல்லாதவர் என்று பெயர். கைலேஞ்சியை மடித்து மடித்து வைத்துக்கொண்டிருந்தார். கூட்டம் முடிந்ததும் எழுந்து போய்விட்டார். சரி, இவர் அந்தப் பக்கம்தான் என்று நான் முடிவுகட்டினேன்.

பெரிய வெள்ளிக்கிழமை வந்தது. எங்கள் சபைகளில் அன்றைக்கு மத்தியானம் தொடங்கி மூன்று மணித்தியால ஆராதனை. சிலுவையில் கர்த்தர் சொன்ன ஏழு வார்த்தைகளையும் ஏழு பேர் எடுத்துத் தியானம் சொல்வார்கள். யாருக்கு எந்த வார்த்தை என்று முதலே பிரித்துக் கொடுத்துவிடுவார்கள். தாகத்தைப் பற்றிய ஐந்தாம் வார்த்தை அந்த வருடம் ரீச்சருக்கு.

எல்லாரும் வெள்ளை உடுத்திருந்தோம். பங்குனி வெயில், கரண்டும் இல்லை. யன்னல்கள் எல்லாம் திறந்து கிடந்தன. வெளியே பக்கத்துத் தோட்டத்தில் வெங்காயம் கிண்டினார்கள். அவர்களுக்குப் பெரிய வெள்ளி இல்லை. வெங்காயம் பண்டிகை பார்த்து நிற்காது. யன்னலால் பார்த்தால் குனிந்த முதுகுகள் வரிசையாகத் தெரிந்தன. நீளக்கைச் சேர்ட்டும் அதற்குள் இருந்தது. காய்ச்சலோடு வந்திருந்தாள்.

நாலு வார்த்தைகள் முடிந்தன. ரீச்சர் எழுந்து போய்ப் பிரசங்க மேடையில் நின்றார். எழுதிக்கொண்டுவந்த தாளை விரித்தார். கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு அதை மடித்து வைத்துவிட்டார்.

"நான் எழுதினதை வாசிக்கேல்லை" என்றார். மெல்லிய குரல்தான். ஆனால் முப்பது வருடம் வகுப்பின் கடைசி வாங்குக்கும் கேட்டுப் பழகிய குரல். "என்ரை மாமியைப் பற்றி ஒரு கதை சொல்லுறன். பின்னாலை கல்லிலை பேர் வெட்டியிருக்கிறது அவான்ரைதான். மாமி கலியாணம் முடிச்சு வந்த வீட்டிலை கக்கூசு இல்லை. ஒவ்வொரு நாளும் வெளிக்கமுதல் பனங்காணிக்குப் போட்டு வருவா. பிறகு இருட்டும்வரைக்கும் தண்ணி குடிக்கமாட்டா. பிள்ளைத்தாச்சியா இருக்கேக்கையும் குடிக்கேல்லை. கடைசியிலை சிறுநீரகம் பழுதாப்போய்ப் படுக்கையிலை கிடந்தா. நான்தான் பாத்தனான். சாகிறதுக்கு முதல் என்னட்டைச் சொன்னா, 'பிள்ளை, என்ரை பேரிலை ஏதும் செய்யிறதெண்டால் பொம்பிளையளுக்கு ஒரு கக்கூசு கட்டச் சொல்லு' எண்டு. நான் சொல்லித்தான் இவை கட்டினவை. ஏன் எண்டு இண்டுவரைக்கும் சொல்லேல்லை. சொல்ல வெக்கமாக் கிடந்தது."

வெளியே மண்வெட்டிச் சத்தம் கேட்டது.

"கர்த்தர் தாகமா இருக்குதெண்டு சொன்னவர். அந்தா யன்னலாலை பாருங்கோ. அவை அதைச் சொல்லக்கூட இல்லை."

ரீச்சர் மேடையைவிட்டு இறங்கினார். ஆண்கள் பக்கம் முதல் வாங்கில் இருந்த தன் கணவனுக்கு முன்னால் போய் நின்றார். சபை முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்கக் கையை நீட்டினார்.

"இஞ்சருங்கோ, திறப்பைத் தாங்கோ. அது மாமின்ரை."

பொருளாளர் மனைவியை நிமிர்ந்து பார்த்தார். அந்த வயதான முகத்தில் எத்தனை வந்து போனது என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. தாயின் நோய்க்கு இதுதான் காரணமென்று அவருக்கு அன்றைக்குத்தான் தெரியும். சட்டைப் பைக்குள் கைவிட்டுத் திறப்பை எடுத்து மனைவியின் உள்ளங்கையில் வைத்தார்.

ரீச்சர் பக்கக் கதவால் வெயிலுக்குள் இறங்கி நடந்தார். நான் எழுந்தேன். நான் எழுந்தபோது பார்த்தால் பெண்கள் பக்கம் முழுக்க எழுந்து நிற்கிறது. யாரும் யாரையும் கூப்பிடவில்லை. வெள்ளைச் சேலைகள் ஒன்றன்பின் ஒன்றாக வெளியே வந்தன. என் கணவர் பீடத்தில் நின்று, "ஐந்தாம் வார்த்தைக்கான தியானம் வெளியிலை நடக்குது" என்று அறிவித்துவிட்டுத் தானும் இறங்கி வந்தார்.

ரீச்சர் பூட்டைத் திறந்து கதவை அகல விரித்தார். வேலியோரம் போய்த் தோட்டத்தைப் பார்த்து, பள்ளிக்கூட முற்றத்தில் பிள்ளைகளைக் கூப்பிடுவதுபோலக் கூப்பிட்டார். "எல்லாரும் வாங்கோ பிள்ளையள். சேறெண்டாலும் பரவாயில்லை, அப்பிடியே வாங்கோ." பெண்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். அவர்களுக்குப் பயம். பெரிய வெள்ளியன்று வெள்ளை உடுத்த ஒரு கூட்டம் வேலியோரம் நின்று கூப்பிட்டால் யாருக்குத்தான் பயம் வராது? நான் என் குரலைக் கொடுத்தேன். அதற்குத்தானே கடவுள் தந்தது. அவள்தான் முதலில் மண்வெட்டியைப் போட்டுவிட்டு வந்தாள். அவளுக்குப் பின்னால் மற்றவர்கள்.

குழாயைத் திறந்தால் தண்ணீர் இல்லை. கரண்ட் இல்லாததால் தாங்கி வெறுமை. நான் தலையில் கைவைத்தேன். அப்போது கிணற்றடியில் கப்பிச் சத்தம் கேட்டது. பொருளாளர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வாளியில் தண்ணீர் அள்ளிக்கொண்டிருந்தார். வாலிபர்கள் ஓடிப்போய் வாங்கப் பார்த்தார்கள். அவர் கொடுக்கவில்லை. அந்தக் கிணற்றுத் தண்ணீரை அந்தப் பெண்களுக்காக அவரே வாளி வாளியாகச் சுமந்து கொண்டுவந்து மலசலகூடத் தொட்டியில் ஊற்றினார். அவருடைய முகமெல்லாம் ஈரம். அது கிணற்றுத் தண்ணீரா வேறா என்று நான் பார்க்கவில்லை.

அவள் வெளியே வந்ததும் ரீச்சர் ஒரு செம்பை நீட்டினார். அவள் அதை இரண்டு கையாலும் வாங்கி அண்ணாந்து குடித்தாள். தொண்டை ஏறி இறங்கியது. செம்பு காலியானதும் திரும்ப நீட்டினாள். ரீச்சர் நிரப்பிக் கொடுத்தார். அதையும் குடித்தாள். நாங்கள் எல்லாரும் சுற்றி நின்று ஒரு பெண் தண்ணீர் குடிப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தோம். நான் எத்தனையோ பண்டிகை பார்த்திருக்கிறேன், அப்படியொரு மகிமையை எந்த ஆராதனையிலும் கண்டதில்லை.

மிச்ச இரண்டு வார்த்தைகளையும் சொல்லி முடிக்க அன்றைக்கு நாலு மணி தாண்டிவிட்டது. யாரும் முறைப்பாடு சொல்லவில்லை. உயிர்த்த ஞாயிறு முடிந்து கூடிய நிர்வாகம் கதவைப் பகலில் திறந்து வைப்பதென்று ஏகமனதாகத் தீர்மானித்தது. வெளியே கால் கழுவ ஒரு குழாய் வந்தது. கழுவித் துப்புரவு பண்ணுவது யார் என்ற கேள்வி எழுந்தபோது, அதற்கும் அந்தக் குடியிருப்பிலிருந்தே ஒருத்தியைப் பிடிக்கலாம் என்று யாரோ சொன்னார். பொருளாளர் அவரை ஒரு பார்வை பார்த்தார். அடுத்த சனிக்கிழமை அவரே தும்புத்தடியோடு வந்து நின்றார். அதற்குப் பிறகு குடும்பத்துக்குக் குடும்பம் முறை வைத்தோம். போதகருக்கும் முறை உண்டு. அவர் பளிங்கைத் தேய்ப்பதைவிடப் பிரசங்கம் நன்றாகச் செய்வார்.

கதை ஊரில் பரவியது. இரண்டு ஒழுங்கை தள்ளியிருந்த பிள்ளையார் கோயில் மடத்திலும் பெண்களுக்கென்று கதவு திறந்தார்கள். வேதக்காரர் செய்ய நாங்கள் பார்த்துக்கொண்டிருப்பதா என்று அங்கே கேட்டார்களாம். கேட்கட்டும். அப்படியான போட்டி இன்னும் நாலு வரட்டும் என்றுதான் நான் ஜெபம் பண்ணினேன்.

அவளுக்குக் காய்ச்சல் விட்டது. வைத்தியர் திரும்பப் பரிசோதித்து, இனிப் பயமில்லை என்றார். வெங்காயம் முடிந்து பீற்றூட் வந்தது, பீற்றூட் முடிந்து புகையிலை வந்தது. அவள் வேலையை விடவில்லை. அடுத்த வருடம் வெங்காயம் நடும் காலத்தில் ஒரு நாள் மத்தியானம் நான் குசினியில் மீன் வெட்டிக்கொண்டிருந்தேன். முற்றத்தில் ஒரு சத்தம். எட்டிப் பார்த்தால் அவள் இடுப்பில் கைவைத்துக்கொண்டு நிற்கிறாள். முழங்கால் வரை செம்மண்.

"அக்கா, சவுக்காரம் முடிஞ்சு ரண்டு நாள். ஆரும் பாக்கிறேல்லையே? இந்தக் கிழமை ஆற்றை முறை?"

எங்கள் முறைதான். என் கணவர் மறந்துபோயிருந்தார். படுக்கையறைத் தரையை முழங்காலில் நின்று துடைத்த பெண் இன்றைக்கு என் முற்றத்தில் நின்று சவுக்காரம் ஏன் இல்லை என்று அதட்டுகிறாள். சண்டைக்கு வந்திருக்கிறாள். எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. மீன் கையைக் கழுவாமலே அலுமாரியைத் திறந்து ஒரு சவுக்காரக் கட்டியை எடுத்துக் கொடுத்தேன்.

அவள் வாங்கி மணந்து பார்த்தாள். "உது உடுப்புத் தோய்க்கிறது" என்றாள். "நல்லதாத் தாங்கோ."